சான் பிரான்சிஸ்கோ மூடுபனிக்கு நாமே வரைபடம் போடுவது எப்படி?

கோடையில் கடலின் ஆழத்திலிருந்து மேலெழும் குளிர்ந்த நீர், ஈரக்காற்றைக் குளிரவைத்து மூடுபனியாக்குகிறது. உள்நாட்டு வெப்பம் அதை கோல்டன் கேட் நீரிணை வழியாக உள்ளே இழுக்கிறது. இந்த அளவு தெரிந்தால் போதும், வேலையைப் பார்ப்போம்.

1. கொலராடோ மாநிலப் பல்கலைக்கழகத்தின் ‘ஸ்லைடர்’ தளத்தில் கோஸ்-18 செயற்கைக்கோளை எடுத்து, பகலில் ‘ஜியோகலர்’ என்ற வண்ணப் படத்தை ஓடவிடுங்கள். நாசாவின் வேர்ல்டுவியூ தளமும் நல்லதுதான். ஆனால் பனி நகர்வதைப் பார்க்க எனக்கு ஸ்லைடர்தான். நேரம் யூடிசியில் (உலகப் பொது நேரம்) இருக்கும், சான் பிரான்சிஸ்கோ நேரத்துக்குக் கோடையில் 7 மணி நேரம் கழித்துக்கொள்ளுங்கள்.

2. இரவில் அதே தளத்தின் ‘நைட்டைம் மைக்ரோபிசிக்ஸ்’ படத்துக்கு மாறுங்கள். தாழ்ந்த நீர்த்துளி மேகம் வெளிர் பச்சை கலந்த நீலமாகத் தெரியும்.

3. இங்கேதான் பலரும் சறுக்குவார்கள். செயற்கைக்கோள் பார்ப்பது மேகத்தின் முதுகை மட்டும். அது தரையைத் தொடுகிறதா, தலைக்கு மேலே மிதக்கிறதா என்று படம் சொல்லாது. அதற்கு விமான நிலையங்கள் வெளியிடும் மெட்டார் என்ற வானிலைக் குறிப்பு வேண்டும். மேகத்தின் அடிமட்டம் 800 அடி உயரத்தில் என்று சான் பிரான்சிஸ்கோ விமான நிலையம் சொன்னால், அங்கே அது வெறும் மேகமூட்டம். அதே மேகம் நகருக்குள் 922 அடி உயர ட்வின் பீக்ஸ் உச்சியில் இருப்பவருக்கு மூடுபனி!

மேகத்தின் அடிமட்டம் கிடைத்தது, உச்சி? ஓக்லண்டில் தினம் இருமுறை விடும் வானிலை பலூனின் தரவை வயோமிங் பல்கலைக்கழகத் தளத்தில் பாருங்கள். மேலே போகப்போகக் குறையும் வெப்பநிலை எந்த உயரத்தில் திடீரென ஏறத் தொடங்குகிறதோ, ஏறத்தாழ அதுதான் மேகத்தின் உச்சி. உயரத்தை மெட்டார் அடிக் கணக்கிலும் பலூன் மீட்டர் கணக்கிலும் சொல்லும்; மறக்காமல் மாற்றுங்கள் (800 அடி = 244 மீட்டர்).

4. அப்புறம் கியூஜிஐஎஸ் என்ற இலவச வரைபட மென்பொருளில் அமெரிக்கப் புவியியல் ஆய்வகத்தின் உயரத் தரவை ஏற்றி, அதிலுள்ள ராஸ்டர் கால்குலேட்டர் கருவியில் அந்த இரண்டு உயரங்களுக்கு இடைப்பட்ட நிலத்தை மட்டும் பிரித்தெடுங்கள். அதில் செயற்கைக்கோள் படத்தில் மேகம் மூடிய பகுதிதான் பனிக்குள் இருக்கும் இடம். மேக விளிம்பை மணிக்கொரு முறை வரைந்து சேமித்தால், எந்தக் கணவாய் வழியாகப் பனி முதலில் நுழைகிறது என்பது சில வாரங்களில் பிடிபடும். காசு கொடுத்து வாங்கும் மென்பொருள் எதுவும் இதற்குத் தேவையில்லை.

பிற்சேர்க்கை: “விடிந்ததும் இரவுப் படத்தில் பனி காணாமல் போகிறதே?” என்று சிலர் கேட்டிருந்தார்கள். பனி அங்கேயேதான் இருக்கிறது. அந்தப் படம் நம்பியிருக்கும் 3.9 மைக்ரான் அலைவரிசையில் சூரிய ஒளியும் கலந்துவிடுவதால் நிறம் குலைகிறது, ஜியோகலருக்கு மாறிவிடுங்கள். இரவில் உயரே சுருள் மேகம் மறைத்தால் வேறு வழியில்லை, அன்றைக்கு மெட்டார் மட்டும்தான்.