குடியரசுத் தலைவர் நாற்காலி காலியானால் அடுத்து யார்? விடை காணும் முறை

குரூப் 1, குரூப் 2 எழுதும் பிள்ளைகளுக்கு மாலை வேளையில் அரசியலமைப்புப் பாடம் எடுக்கிறேன். குடியரசுத் துணைத்தலைவர் பகுதிக்கு வந்ததும், "குடியரசுத் தலைவர் இறந்துட்டா மீதி வருஷத்துக்குத் துணைத்தலைவர்தானே மேடம் தலைவர்?" என்று ஒரு குரல் கட்டாயம் எழும். அது அமெரிக்க முறை. 1963 நவம்பர் 22 அன்று டல்லாஸில் கென்னடி சுட்டுக் கொல்லப்பட்டதும் துணை அதிபர் ஜான்சன் விமானத்துக்குள்ளேயே பதவியேற்றார். கென்னடியின் மீதிக் காலம் முழுக்க அவர்தான் அதிபர். நம் நாட்டில் துணைத்தலைவர் புதியவர் வரும்வரை பொறுப்பைப் பார்த்துக்கொள்பவர், அவ்வளவுதான். கேள்வியை எப்படித் திருப்பிப் போட்டாலும் இங்கிருந்தே தொடங்குங்கள்.

முதலில் பார்க்க வேண்டியது: நாற்காலி காலியா, அல்லது ஆள் இருந்தும் வேலை செய்ய முடியாத நிலையா? மரணம், ராஜினாமா, பதவி நீக்கம் என்றால் காலி, சட்டப்பிரிவு 65(1). 1977 பிப்ரவரி 11 அன்று ஃபக்ருதீன் அலி அகமது இறந்ததும் பி.டி. ஜாட்டி பொறுப்புக் குடியரசுத் தலைவர் ஆனது இதன்படிதான். உடல்நலக்குறைவு, வெளிநாட்டுப் பயணம் போன்றவை என்றால் 65(2). 1961-ல் ராஜேந்திர பிரசாத் நோய்வாய்ப்பட்டபோது ராதாகிருஷ்ணன் அவருடைய பணிகளைக் கவனித்தார். தலைவர் குணமாகி வந்த அன்றே இந்த ஏற்பாடு முடிந்துவிடும்.

இரண்டிலும் துணைத்தலைவருக்குக் குடியரசுத் தலைவரின் அதிகாரமும் சம்பளமும் முழுமையாகக் கிடைக்கும். வழக்கமாக மாநிலங்களவையின் அவைத்தலைவரும் அவர்தான்; ஆனால் அந்த நாட்களில் அவர் அவையை நடத்தக் கூடாது, அவைத்தலைவர் சம்பளமும் வாங்கக் கூடாது என்கிறது 64.

அடுத்தது கெடு. காலியான நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் தேர்தல் நடத்தியாக வேண்டும். ஜாட்டி ஜூலை 25 வரை இருந்தார். கணக்குப் போட்டுப் பாருங்கள், கெடுவுக்குள் வரும். புதிதாக வருபவருக்கு முழுசாக ஐந்து ஆண்டு, பழையவரின் மிச்சம் அல்ல. இங்கே ஒரு பொறி வைப்பார்கள்: ஐந்து ஆண்டு முடிந்தும் தேர்தல் தள்ளிப்போனால் யார் என்று. துணைத்தலைவர் என்று எழுதினால் மதிப்பெண் போச்சு. புதியவர் பதவியேற்கும்வரை பழைய தலைவரே தொடர்வார், சட்டப்பிரிவு 56.

இனி 1969. இந்த ஓர் ஆண்டை நோட்டில் ஒரு முழுப் பக்கத்துக்கு எழுதச் சொல்வேன், ஏனென்றால் பாடம் மொத்தமும் அதற்குள் இருக்கிறது. மே 3: ஜாகிர் உசேன் மறைவு, வி.வி. கிரி பொறுப்பேற்பு. அவரும் போய்விட்டால் யார்? அரசியலமைப்பில் நேரடி விடை இல்லை. நாடாளுமன்றமே வழி செய்துகொள்ளலாம் என்று 70 இடம் கொடுத்திருந்தது. அதே மே மாதம் சட்டம் வந்தது: இரண்டு பதவியும் காலியானால் உச்ச நீதிமன்றத் தலைமை நீதிபதி, அவரும் இல்லையென்றால் அங்குள்ள மூத்த நீதிபதி. ஜூலை 20 அன்று, தேர்தலில் சுயேச்சையாக நிற்பதற்காக கிரி ராஜினாமா செய்தார். தலைமை நீதிபதி இதயத்துல்லா பொறுப்புக்கு வந்தார். அந்த மாதக் கடைசியில் டெல்லி வந்த அமெரிக்க அதிபர் நிக்சனை அவர்தான் வரவேற்றார். ஆகஸ்ட் 24 அன்று, இரண்டாம் விருப்ப வாக்குகளையும் எண்ணி நீலம் சஞ்சீவ ரெட்டியை வென்ற கிரி குடியரசுத் தலைவரானார். பொறுப்பில் இருந்தவரே முறையான தலைவராகத் தேர்தலைச் சந்திக்க வேண்டியிருந்தது, பாருங்கள். ராதாகிருஷ்ணன் முதல் கே.ஆர். நாராயணன் வரை துணைத்தலைவராக இருந்து தலைவரான ஆறு பேரும் தேர்தலில் வென்று வந்தவர்களே. நம் ஆர். வெங்கட்ராமனும் அதில் ஒருவர்.

இதயத்துல்லா பெயரைப் பார்த்ததும் ஆண்டைப் பாருங்கள். 1982 அக்டோபரில் ஜெயில் சிங் அறுவை சிகிச்சைக்காக அமெரிக்கா போனபோதும் அவரே பொறுப்பேற்றார், ஆனால் அப்போது துணைத்தலைவராக. இரண்டு நிலையிலும் அந்தப் பொறுப்பை வகித்தவர் அவர் ஒருவர்தான், அதனால் கேள்வி எடுப்பவர்களுக்கு அவர்மேல் தனிப் பிரியம்.

கடைசியாக, நான் தரும் பயிற்சி. 2025 ஜூலை 21 அன்று ஜக்தீப் தன்கர் துணைத்தலைவர் பதவியை ராஜினாமா செய்தார். திருப்பூர்க்காரரான சி.பி. ராதாகிருஷ்ணன் செப்டம்பர் 12 அன்று பதவியேற்றார். துணைத்தலைவர் தேர்தலுக்கு ஆறு மாதக் கெடு கிடையாது. கூடிய சீக்கிரம் நடத்த வேண்டும் என்பது மட்டுமே விதி. இடைப்பட்ட ஆகஸ்டில் குடியரசுத் தலைவர் பதவியும் காலியாகியிருந்தால்? புத்தகத்தை மூடிவிட்டு எழுதுங்கள். பொறுப்பு, அன்றைய தலைமை நீதிபதி பி.ஆர். கவாய்க்குப் போயிருக்கும். அந்த வாரங்களில் மாநிலங்களவையை நடத்தியவர், 91-ன்படி அவையின் துணைத்தலைவர் ஹரிவன்ஷ். அவர் மாநிலங்களவைத் துணைத்தலைவர், குடியரசுத் துணைத்தலைவர் அல்ல. விடைத்தாளில் பதவியின் பெயரை முழுசாக எழுதுங்கள்.