கற்பனை நாட்டுக்குக் கட்டட நூல் எழுதும்போது

வெள்ளவத்தையில் நண்பர் ஒருவரின் வீட்டு மொட்டை மாடியில் மாதம் ஒருமுறை கதை எழுதுகிறவர்கள் கூடுவோம். போன மாதம் இரண்டு பேர் மாயாஜால நாவல் கொண்டுவந்தார்கள். இரண்டிலும் ஒரு பழைய கட்டட நூல், இரண்டிலும் அது வேதம். வாசிக்க வாசிக்க எனக்குக் காது சூடேறியது. பத்து வருடத்துக்கு முன் நான் எழுதிய அதே அபத்தம். மந்திரச் சொல்லில் எழுத்துப்பிழை, ராஜா பெயர் நடுவில் மாறுவது எல்லாம் தானாகத் திருந்தும், அதை விட்டுவிடுகிறேன். கற்பனைக் கட்டட நூலில் திரும்பத் திரும்ப விழும் பிழைகளை மட்டும் சொல்கிறேன்.

ஒரே முழம்

'தூண் ஏழு முழம்' என்று எழுதினால் போதாது, யாருடைய முழம்? தென்னிந்தியாவின் பழைய கட்டட நூலான மயமதத்தில் எட்டு யவம், அதாவது எட்டு வாற்கோதுமை மணி, ஒரு விரல், 24 விரல் ஒரு முழம். அதோடு நிற்காமல் 25, 26, 27 விரல் முழங்களும் இருக்கின்றன. எதை அளக்கிறோமோ அதற்கேற்ப முழம் மாறும். உங்கள் நாட்டிலும் இரண்டு முழமாவது இருக்கட்டும், அந்த வித்தியாசத்தில் ஒரு கட்டட ஒப்பந்தக்காரன் பிழைத்துப் போவான்.

முனிவர் அருளியது

வேண்டாம்.

நூல் சொன்னபடியே ஊர்

இதைத்தான் சொல்ல வந்தேன்.

என் நாவலில் ஒரு துறைமுக நகரம், மேற்கே கடல். கொழும்பை மனதில் வைத்துத்தான் எழுதினேன். அந்த நாட்டின் நூல் 'தூணியம்'. 'எல்லா வாசலும் கடலைப் பார்க்க வேண்டும்' என்பது அதன் முதல் விதி. கடல் அம்மன் நேரே உள்ளே வரவேண்டுமாம். நானும் நகரத்தின் அத்தனை வீட்டையும் அப்படியே கட்டினேன். கதாநாயகன் நூலை மனப்பாடம் செய்தவன், ஆகவே எந்த மாளிகைக்குள்ளும் கண்ணை மூடிக்கொண்டு வழி கண்டுபிடிப்பான். கதையின் முடிச்சே அதுதான். இரண்டு வருடம், முந்நூறு பக்கம்.

அப்போது எங்கள் வீட்டுச் சுவரில் வெடிப்பு. பூச வந்த மேசன் பாஸ் தேத்தண்ணி குடிக்கும்போது மேசையில் கிடந்த என் வரைபடத்தைப் பார்த்தார். கதையைச் சுருக்கமாகச் சொன்னேன். விரலால் மேற்குப் பக்கத்தைத் தட்டினார்.

"தம்பி, சோளகம் அடிக்கேக்க இந்த ஊர்ச் சனம் வீட்டுக்குள்ளயே மீன் பிடிக்கலாம் போல."

வைகாசியில் தொடங்கும் தென்மேற்குப் பருவமழை நேரே அந்த வாசல்களுக்குள் அடிக்கும். கடலோரத்தில் பிறந்து வளர்ந்த எனக்கு அது தோன்றவில்லை. நூலை நம்பினேனே தவிர, நூலோடு குடியிருக்கிறவனை யோசிக்கவில்லை.

நிஜத்தில் செல்வாக்கான நூல்களின் கதை வேறு. ரோமாபுரியின் கட்டடக் கலைஞர் விட்ருவியஸ் தம் கட்டட நூலைப் பத்துப் பகுதிகளில் எழுதினார். இன்று நிற்கும் ரோமானியக் கட்டடங்களை அளந்தால் பல இடங்களில் அவர் சொன்ன அளவு வராது. ஆனாலும் 1416-இல் ஒரு மடாலயத்தில் போஜ்ஜோ பிராச்சியோலினி என்ற இத்தாலிய அறிஞர் அந்நூலின் பிரதியைத் தேடி எடுத்தபின், இத்தாலியர் அதைத் தலையில் வைத்துக் கொண்டாடினார்கள். நூல் ஆளும், கட்டடம் அதற்கு டிமிக்கி கொடுக்கும். இங்கே புறக்கோட்டையில் சம்மாங்கோட்டுப் பள்ளிவாசலைப் பாருங்கள். 1908-இல் தொடங்கி அடுத்த வருடமே எழுப்பியது. கட்டியவர் கட்டடக்கலை படித்தவர் அல்லர், தென்னிந்திய வியாபாரிகள் வாயால் சொன்னதைக் கேட்டுத்தான் கட்டினார் என்பார்கள். சிவப்பும் வெள்ளையுமாக இன்றும் நிற்கிறது.

முந்நூறு பக்கத்தில் நாற்பதுதான் தேறியது. புதிய பிரதியில், தூணியத்தை எழுதியவர் கடலையே காணாத வறண்ட நாட்டுக்காரர். துறைமுகத்துச் சனம் மேற்குச் சுவரில் நீலச் சாயம் பூசி ஒரு பொய்க்கதவு வைக்கிறார்கள். பிடி உண்டு, கீல் இல்லை. வருடத்துக்கொருமுறை அரண்மனை அதிகாரி வந்து அதன் அகலத்தை அளந்து முத்திரை குத்திவிட்டுப் போவார். புழங்குகிற கதவு பின் ஒழுங்கையில். மனப்பாடக்காரக் கதாநாயகன் முதல் இரவே பொய்க்கதவில் முட்டி மூக்கை உடைத்துக்கொண்டான். கதை அங்கேதான் உயிர் பிடித்தது.

இப்போது வருகிற பிள்ளைகளும் நூல் பிசகாத அதே ஊரோடு வருகிறார்கள். சொன்னால், "நூலில் அப்படித்தானே அண்ணா இருக்கு" என்கிறார்கள். நூலை எழுதியதே நீங்கள்தானே ஐயா!

படம்

தொலைத்துவிடுங்கள். விட்ருவியஸின் மூலப் படங்கள் தொலைந்தன. தூணின் தலையில் சுருளும் சுழியை எப்படி வரைவது என்பதற்கு நூலின் முடிவில் உள்ள படத்தைப் பார் என்றிருந்தார். பார்க்கப் படம் இல்லை. பின்னால் வந்தவர்கள் ஆளுக்கொரு சுழி வரைந்து சண்டை போட்டார்கள். இரண்டு சிற்பிக் குடும்பங்களின் பகைக்கு இதைவிட நல்ல காரணம் கிடைக்காது.

கூலி

எல்லாக் கற்பனை நூலிலும் விண்மீன், திசை, பலி எல்லாம் உண்டு. கூலி மட்டும் கிடையாது. 1103-இல் சீனாவின் சோங் அரசு வெளியிட்ட, லி ஜியே தொகுத்த 'யிங்சாவ் ஃபாஷி' என்ற கட்டட நூலில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் வேலைக் கணக்கும் பொருள் கணக்கும்தான். பகல் நீண்ட மாதங்களுக்கு ஒரு கணக்கு, குறுகிய மாதங்களுக்கு வேறு. அரசாங்கப் பணம் எங்கே ஒழுகுகிறது என்பதுதான் அவர்கள் கவலை.

இதைச் சொன்னபோது இருவரில் ஒரு தங்கச்சி முகத்தைச் சுளித்தாள். இந்த மாதம் திருத்திக் கொண்டுவந்தாள். அவளுடைய நூலின் ஐந்தாம் இயலில், கல்தச்சனுக்கு நாளுக்கு இரண்டு கொத்து அரிசி, ஒரு கருவாடு. அடுத்த அத்தியாயம், கருவாட்டுக் கணக்கு இடிக்கிறது என்று ஆரம்பிக்கிறது.