இயர்புக் மேற்கோள்: படத்துக்குக் கீழே போடும் வரியில் எங்கே சறுக்குகிறார்கள்?

சென்னைப் பள்ளிகளில் பிளஸ் டூ மாணவர்களின் இயர்புக் வேலை பெரும்பாலும் அரையாண்டுத் தேர்வை ஒட்டித்தான் சூடுபிடிக்கும். வகுப்பு வாட்ஸ்அப் குழுவுக்கு கூகுள் ஃபார்ம் வரும்: பெயர், புகைப்படம், பிடித்த மேற்கோள். புகைப்படத்துக்கு ஒரு வாரம் மெனக்கெடுவார்கள். மேற்கோளுக்கு, கடைசித் தேதி இரவு பதினொன்றரைக்கு இணையத்தில் தேடி முதலில் கண்ணில் பட்டதை ஒட்டி அனுப்புவார்கள். கீழே வரும் தவறுகளில் பாதி அந்த அரைமணி நேரத்தில் பிறப்பவை.

முதல் தவறு, சொன்னவர் பெயரைச் சரிபார்க்காதது. மீனை மரம் ஏறச் சொல்லி எடைபோடாதே என்ற வரியை ஐன்ஸ்டைன் சொன்னதற்கு ஆதாரம் கிடையாது. ‘உலகில் காண விரும்பும் மாற்றமாக நீயே இரு’ என்பதும் அதே சொற்களில் காந்தியின் எழுத்துகளில் இல்லை. தமிழிலும் இதே கதைதான். ‘கற்றது கைமண் அளவு’ என்பதைக் குறள் என்று போடுகிறார்கள். அது ஔவையார் பெயரில் வழங்கும் தனிப்பாடலின் வரி. குறளா இல்லையா என்று பார்க்க எளிய வழி உண்டு. முதலடியில் 4 சீர், இரண்டாமடியில் 3, ஆக 7. அந்தக் கணக்குக்குள் அடங்காவிட்டால் குறள் இல்லை. அடங்கினாலும் 1 முதல் 1330 வரை அதற்கு எண் ஒன்று இருக்க வேண்டும். எண்ணைக் கண்டுபிடித்த பிறகே அனுப்புங்கள். சினிமாப் பாட்டென்றால் வாயசைத்தவர் பெயரைப் போடாதீர்கள். ‘தூங்காதே தம்பி தூங்காதே’ 1958-இல் எம்.ஜி.ஆர். படத்தில் வந்தது. எழுதியவர் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம்.

சரிபார்க்கக் காசு செலவில்லை. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகமும், தமிழ் நூல்களை இணையத்தில் தரும் மதுரைத் திட்டமும் இலவசம். கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் நூலாகவே புரட்டலாம். ஒன்றை மட்டும் கவனியுங்கள்: பழைய பதிப்புகளில் சொற்கள் சீர் பிரித்து அச்சாகியிருக்கும். ‘வீழ்வேன் என்று’ எனத் தேடினால் கிடைக்காதது ‘வீழ்வே னென்று’ என்று அங்கே இருக்கும். வரியில் உடையாத சொல் ஒன்றை மட்டும் போட்டுத் தேடுங்கள். எங்கும் அகப்படவில்லையா, பெயரே போடாமல் வரியை மட்டும் விடுங்கள். பொய்ப் பெயரைவிட வெற்றிடம் மேல்.

அடுத்தது, இடம் தெரியாமல் வெட்டி எடுப்பது. ‘நெருநல் உளனொருவன் இன்றில்லை’ (குறள் 336) என்பதை ‘இன்றைய நாளை வாழ்ந்துவிடு’ என்ற பொருளில் போடுகிறவர்கள் உண்டு. அது நிலையாமை அதிகாரம். நேற்று இருந்தவன் இன்று செத்துப்போனான் என்கிறது. சிரித்த முகத்துக்குக் கீழே அதைப் போட்டால் பக்கம் கண்ணீர் அஞ்சலி பேனர் மாதிரி ஆகிவிடும். ஆசிரியர்களுக்கு நன்றி சொல்ல ‘எந்நன்றி கொன்றார்க்கும்’ (110) என்று தொடங்குவதும் பொருந்தாது. நன்றி மறந்தவருக்கு உய்வே இல்லை என்று யாரையோ குத்துவது போல விழும். ‘காலத்தி னாற்செய்த நன்றி’ (102) அந்த இடத்தில் சரியாக உட்காரும். பாரதியின் ‘வீழ்வேனென்று நினைத்தாயோ’வும் அப்படித்தான். தேவியிடம் வரம் கேட்கும் பாட்டில் வருவது. முன்னால் வரும் ‘வேடிக்கை மனிதரைப் போலே’யை வெட்டிவிட்டால், பக்கத்துப் பெஞ்சுக்காரரை மிரட்டுவது போல நிற்கும்.

இவ்வளவும் சரியாக இருந்தும் வரி சப்பென்று போவதற்கு ஒரே காரணம்தான்: மேற்கோளில் தொடங்கி, அதற்குள் தன்னைத் திணிப்பது. திருப்பிச் செய்யுங்கள். இந்த ஏழெட்டு வருடத்தில் எது உங்களுக்கு ஒட்டிக்கொண்டது என்று சொந்தப் பேச்சில் ஒரு வாக்கியம் எழுதுங்கள், கொச்சையாக இருந்தாலும் பரவாயில்லை. அதற்குப் பொருந்துகிற வரியைப் பிறகு தேடுங்கள். தேடியது கிடைத்ததும் உங்கள் பெயரை மறைத்து இரண்டு நண்பர்களிடம் காட்டுங்கள். யாருடையது என்று அவர்களுக்குச் சொல்லத் தெரியவில்லை என்றால் அது யாருக்கும் பொருந்துகிற வரி. ‘தோல்வியே வெற்றியின் முதல் படி’ அந்த ரகம். ஒரே பக்கத்தில் மூன்று முகத்துக்குக் கீழே வரும். பிரிவைச் சொல்ல ஆங்கிலத்தில் அலைகிறவர்கள் 394-ஆம் குறளைப் பார்க்கலாம்: ‘உவப்பத் தலைக்கூடி உள்ளப் பிரிதல் அனைத்தே புலவர் தொழில்’. மகிழக் கூடி, இனி எப்போது காண்போம் என்று நினைக்கும்படி பிரிவது கற்றவர் வேலை என்கிறது. கல்வி அதிகாரத்திலேயே இருக்கிறது, யாரும் எடுப்பதில்லை. வீட்டில் பாட்டி அடிக்கடி சொல்வதைப் போட்டு ‘பாட்டி’ என்று கையெழுத்திட்டாலும் அழகுதான். ஆட்டோவுக்குப் பின்னால் படித்ததும் ஆகும், ‘பிரசவத்துக்கு இலவசம்’ தவிர.

நகைச்சுவை தாராளமாக இருக்கலாம். ஆசிரியரின் பட்டப்பெயர், சாதிப் பெருமை, கட்சி கோஷம், நடிகர் ரசிகர் சண்டை ஆகியவற்றைப் பள்ளி வெட்டிவிடும். வெட்டிய இடத்தில் இயர்புக் தயாரிக்கும் குழு தனக்குத் தோன்றியதைப் போடலாம். அதனால் இரண்டாவது வரி ஒன்றையும் சேர்த்தே அனுப்புங்கள்.

நீளத்தில் ஏமாறுவது சகஜம். ஏ4 பக்கத்தில் வரிசைக்கு நாலு படம் வைத்தால், ஓரம் போக ஒருவருக்குக் கிடைப்பது சுமார் 4 செ.மீ. அகலம். 8 பாயிண்ட் எழுத்தில் குறளின் முதலடி நாலு சீரும் ஒரே வரியில் நிற்காது, மென்பொருள் தன் இஷ்டத்துக்கு உடைக்கும். நீங்களே இரண்டிரண்டு சீராக, கடைசி வரியில் ஒரு சீராக, நாலு வரியில் பிரித்து அனுப்புங்கள். ஃபார்மில் எழுத்து வரம்பு இருந்தால் இன்னொரு சிக்கல்: மேலே சொன்ன 394-இல் தமிழ்க் கணக்குப்படி 29 எழுத்து. புள்ளி, கால், கொம்பு எல்லாவற்றையும் கணினி தனியாக எண்ணுவதால் இடைவெளியோடு 54 ஆகும். 50-தான் வரம்பு என்றால் குறள் உள்ளே போகாது; வரம்பை ஏற்றச் சொல்லுங்கள்.

ஸ்கிரீன்ஷாட் அனுப்பாதீர்கள், யாரோ திருப்பித் தட்டச்சு செய்யும்போது ‘ழ’ ‘ள’ ஆகிவிடும். ‘கற்க கசடற’ என்பதில் தானாக ஒரு ‘க்’ சேர்ந்துகொள்வதும் அப்போதுதான். ‘கற்க’ போன்ற வியங்கோள் வினைக்குப் பின் வல்லினம் மிகாது. எமோஜி வேண்டாம், அச்சில் பெட்டியாக வரும். அச்சகத்தில் பாமினி போன்ற பழைய எழுத்துரு வைத்திருந்தால் வரிக்கு நடுவே வரும் ஆங்கிலச் சொல் புரியாத தமிழெழுத்தாக மாறும். அதைத் தமிழ் எழுத்திலேயே எழுதிவிடுங்கள்.

அச்சுக்கு முன் சரிபார்க்கத் தரும் புரூஃப் பிடிஎஃப் வந்ததும் ‘தொ’, ‘கோ’ போன்ற எழுத்துகளைப் பெரிதாக்கிப் பாருங்கள். கொம்பு ஒரு பக்கம், கால் ஒரு பக்கம், நடுவில் புள்ளி வட்டம் என்று பிரிந்து கிடந்தால் வடிவமைப்பு மென்பொருள் இந்திய எழுத்துகளுக்கான அமைப்பில் இல்லை என்று பொருள். உங்கள் வரியை மட்டும் திருத்தித் தரச் சொன்னால் போதாது, மொத்தப் புத்தகமும் அப்படித்தான் இருக்கும். குழுவுக்கு அன்றே சொல்லுங்கள். அச்சுத் தகடு (பிளேட்) போட்ட பிறகு சொன்னால் அச்சகம் தனியாகக் காசு கேட்கும்.