ஆல்கஹாலிக் மயோபதிக்கு கோட் போடுறது எப்படி: ஜி72.1 ஈஸி, பக்கத்துல வர்றதுதான் வில்லங்கம்

பேஷண்டோட மருத்துவப் பதிவுல, அதாவது சார்ட்ல, ஆல்கஹாலிக் மயோபதின்னு (குடியால வர்ற தசை நோய்) பார்த்ததும் அதுக்கான கோட் ஜி72.1-ன்னு தட்டிட்டு அடுத்த சார்ட்டுக்கு ஓடிடாதீங்க. இந்த கோடையே தப்பா போடுறவங்க கம்மிதான், அது கூட என்ன போடணும் என்ன போடக்கூடாதுங்கிறதுலதான் ஆடிட்ல (போட்ட கோடை சரிபார்க்கிறப்போ) சிக்குறோம், நானும் சிக்கியிருக்கேன், கீழ சொல்றேன். சென்னையோ திருச்சியோ எங்க உக்காந்து வேலை பார்த்தாலும் நம்ம கைக்கு வர்றது பெரும்பாலும் அமெரிக்க சார்ட், அதனால இதெல்லாம் அங்க 2015 அக்டோபர் 1-லேர்ந்து ஓடிட்டு இருக்கிற ஐசிடி-10-சிஎம்ங்கிற நோய்க் குறியீட்டுத் தொகுப்பு படி.

நோயைப் பத்தி கொஞ்சம் தெரிஞ்சா சார்ட் படிக்க சுலபமா இருக்கும். இது ரெண்டு விதமா வரும். ரெண்டு மூணு நாள் விடாம மொடாக்குடி குடிச்சவருக்கு திடீர்னு தசை வலி, வீக்கம், சிகே (தசை சேதமானா ரத்தத்துல கூடுற என்சைம்) தாறுமாறா ஏறியிருக்கும், மூத்திரம் கருப்பு டீ கலர்ல போகும், இது அக்யூட். இன்னொன்னு வருஷக்கணக்கா குடிச்சவங்களுக்கு மெதுவா வர்றது, இடுப்பு தொடை தோள்பட்டை தசையெல்லாம் கரைஞ்சு, கீழ உக்காந்தா கையூனாம எந்திரிக்க முடியாது, மாடிப்படி ஏற முடியாது, ஆனா வலி அவ்வளவா இருக்காது, சிகே கூட பல நேரம் நார்மலா வரும். சிகே நார்மல், அப்புறம் எப்படி மயோபதின்னு நாம சந்தேகப்பட்டு கோடை விட்றக்கூடாது, டாக்டர் டயக்னோஸ் பண்ணி எழுதியிருந்தா போடணும். அக்யூட்டோ க்ரானிக்கோ ரெண்டுக்கும் ஒரே கோடுதான்.

கோட் புக்கோட அகரவரிசைப் பட்டியலான இண்டெக்ஸ்ல மயோபதி, அதுக்கு கீழ ஆல்கஹாலிக், ஜி72.1. அங்கேயே நிக்காம கோட் வரிசைப்படி விவரம் இருக்கிற டேபுலருக்கு போங்க, அங்க குடி சம்பந்தமான எஃப்10 கோடையும் கூடுதலா போடுன்னு ஒரு குறிப்பு இருக்கும், தனியா ஜி72.1 மட்டும் விட்டா பாதி வேலைதான் முடிஞ்சிருக்கு. சிலர் சாராயமும் விஷம்தானேன்னு மத்த நச்சுப் பொருளால வர்ற மயோபதிக்கான ஜி72.2 கூட ஆல்கஹால் நச்சுக்கான டி51-ஐ கொண்டு போய் சேர்ப்பாங்க. விஷம்தான், இல்லைங்கல, ஆனா ஆல்கஹாலுக்குன்னே தனி கோட் இருக்கும்போது பொதுவான நச்சு கோடுக்கு போகக்கூடாது.

அடுத்து லிங்க், அதாவது நோய்க்கும் குடிக்கும் உள்ள தொடர்பு. டாக்டர் ஒரு இடத்துல மயோபதின்னு எழுதியிருப்பார், சோஷியல் ஹிஸ்டரியில தினமும் ஒரு பாட்டில் விஸ்கின்னு இருக்கும். ரெண்டையும் சேர்த்துப் பார்த்தா நமக்கே புரியும்தான், ஆனா முடிச்சு போடுறது நம்ம வேலை இல்ல, குடியாலதான் இந்த மயோபதின்னு ப்ரொவைடர் (சிகிச்சை தர்ற டாக்டர்) எழுதணும். எழுதலைன்னா க்வெரி போடுங்க, அதாவது அவர்கிட்ட விளக்கம் கேளுங்க. அதையும் "ஆல்கஹாலிக் மயோபதின்னு எழுதித் தாங்க டாக்டர்"னு கேக்கக்கூடாது, சார்ட்ல இருக்கிற விவரத்தை வச்சு மயோபதிக்கு காரணம் என்னன்னு கேட்டு, ஆப்ஷன்ல மத்த காரணங்களும் கண்டுபிடிக்க முடியலைங்கிறதும் இருக்கணும். கொலஸ்ட்ராலுக்கு ஸ்டாட்டின் மாத்திரை சாப்பிடுற ஆளா இருந்தா மருந்தால வந்த ஜி72.0-வா கூட இருக்கலாம் இல்லையா. பதில் வரலைன்னா வகை குறிப்பிடாத மயோபதிக்கான ஜி72.9-தான்.

இப்போ எஃப்10. யூஸ் (குடிக்கிறது), அப்யூஸ் (கெடுதலா குடிக்கிறது), டிபெண்டென்ஸ் (குடிக்கு அடிமையாகுறது)னு ஒரே சார்ட்ல மூணு பேர் மூணு மாதிரி எழுதியிருப்பாங்க. ஒண்ணுதான் போடணும், பெருசு எதுவோ அது. யூஸும் அப்யூஸும் இருந்தா அப்யூஸ், டிபெண்டென்ஸ் எங்கயாவது வந்துட்டா டிபெண்டென்ஸ்.

நான் மாட்டினது இதுக்கு அடுத்த படியில. டிபெண்டென்ஸ் இருக்கு, குடியால ஒரு வியாதியும் வந்திருக்கு, அப்போ "வேறு ஆல்கஹால் சார்ந்த கோளாறுடன்"னு சொல்ற எஃப்10.288-தானே கரெக்ட்னு ரொம்ப கான்ஃபிடென்ட்டா ஒரு வாரம் முழுக்க போட்டுத் தள்ளினேன், ஆடிட்ல அத்தனையும் எரர். கைட்லைன்ல இப்போ தெளிவாவே இருக்கு, குடியால வர்ற உடம்பு வியாதி வேற, குடியால தூண்டப்பட்ட மனநலக் கோளாறு வேற, கணைய அழற்சியை உதாரணமா வச்சு 288 போடாதே, எஃப்10.20 போடுன்னு சொல்லியிருக்காங்க. மயோபதிக்கும் அதே கணக்குதான், டிபெண்டென்ஸ்னா எஃப்10.20, அப்யூஸ்னா எஃப்10.10. வித்ட்ராவல் (குடியை நிறுத்தினதும் வர்ற உபாதை) இருந்தா கதை மாறும், அது டெலிரியத்தோட (மனக்குழப்பம்) வந்தா எஃப்10.231 மாதிரி.

இன்னொரு குழி, மத்த தசைக் கோளாறுகளுக்கான எம்62. அந்த கேட்டகரிக்கு கீழ எக்ஸ்க்ளூட்ஸ்1 (இதோட சேர்த்துப் போடக்கூடாதுங்கிற) லிஸ்ட்ல ஜி72.1 உக்காந்திருக்கு, நிறைய பேர் கண்ணுல படுறதே இல்ல. அதாவது தசை பலவீனம் எம்62.81, தசை கரையறதுக்கு எம்62.5-, இதெல்லாம் ஜி72.1 கூட சேர்க்கக்கூடாது, பலவீனம்தானே அந்த நோயே. ராப்டோமயோலிசிஸ் (தசை சிதைஞ்சு அதுல உள்ளது ரத்தத்துல கலக்குறது) எம்62.82-தான் தலைவலி, ஏன்னா அக்யூட்ல அது அடிக்கடி கூடவே வரும், ஆனா புக் படி அதுவும் அதே கேட்டகரிக்குள்ளதான் இருக்கு. போதையில விழுந்து ஒரு நாள் முழுக்க தரையில அசையாம கிடந்ததால ராப்டோ வந்துச்சு, மயோபதி தனின்னு டாக்டர் பிரிச்சு எழுதினா ரெண்டும் போடலாம், சம்பந்தமில்லாத ரெண்டு கண்டிஷனுக்கு அந்த விலக்கு இருக்கு. தெளிவா இல்லைன்னா க்வெரி, நீங்களா முடிவு பண்ணாதீங்க.

ஒரு சார்ட்டை எடுத்துக்குவோம். 52 வயசு ஆள், ஆறு மாசமா தொடை பலவீனம்னு அட்மிட். டிஸ்சார்ஜ் சம்மரியில க்ரானிக் ஆல்கஹாலிக் மயோபதி, ஆல்கஹால் டிபெண்டென்ஸ், ஆல்கஹாலிக் பாலிநியூரோபதி (குடியால வர்ற நரம்பு பாதிப்பு), பொட்டாசியம் குறைஞ்சு ட்ரிப்ல ஏத்தினாங்க. ஜி72.1 முதல்ல, அப்புறம் எஃப்10.20, ஜி62.1, பொட்டாசியத்துக்கு ட்ரீட்மெண்ட் நடந்ததால இ87.6. ரத்த ஆல்கஹால் அளவு 100 மில்லிக்கு 210 மில்லிகிராம்னு பதிவாகியிருந்தா ஒய்90.7-ஐயும் சேர்க்கலாம், அந்த அளவை மட்டும் நர்ஸ் நோட்லேர்ந்து எடுத்தாலும் பரவாயில்ல, ஆனா எஃப்10 டயக்னோசிஸ் ப்ரொவைடர் எழுதியிருக்கணும். இதயத்தையும் குடி பாதிச்சிருக்குன்னு எழுதியிருந்தா அதுக்கு ஐ42.6 தனி, ஜி72.1-க்குள்ள அது அடங்காது.

இதே ஆள் ஓபிக்கு வந்து, டாக்டர் "ஆல்கஹாலிக் மயோபதியா இருக்கலாம்"னு மட்டும் எழுதினா ஜி72.1 கிடையாது, அவுட்பேஷண்ட்ல சந்தேகத்துக்கு கோட் போடக்கூடாது, அறிகுறியைத்தான் போடணும், அப்போ மட்டும் எம்62.81 சரி. இன்பேஷண்ட்னா டிஸ்சார்ஜ் வரைக்கும் சந்தேகமாவே இருந்தாலும் நோய் உறுதியா இருக்கிற மாதிரியே போடலாம்.

கடைசியா, குடியை விட்டு எட்டு மாசம் ஆச்சுன்னு பேஷண்ட் சொல்லுவார், காலும் கொஞ்சம் தேறியிருக்கும். நீங்களா மாசத்தை எண்ணி எஃப்10.21 போடாதீங்க, ரெமிஷன்னு (அடிமைத்தனம் தணிஞ்சிருக்குன்னு) டாக்டர் எழுதினாத்தான் அது.