லண்டன் அலெக்சாண்ட்ரா ரோடு குடியிருப்பை எப்படிப் பார்ப்பது

கட்டடக்கலை பார்க்க லண்டன் வரும் நண்பர்கள் முதலில் கேட்பது கண்ணாடிக் கோபுரங்களைத்தான். நான் அவர்களை கேம்டன் கவுன்சில் (அந்தப் பகுதியின் உள்ளாட்சி) சாதாரண மக்களுக்காகக் கட்டிய இந்த வாடகை வீடுகளுக்குக் கூட்டிப்போவேன். ஒரு சமூகம் தன் மக்களை எவ்வளவு மதித்தது என்பது இங்கேதான் தெரியும்.

சவுத் ஹாம்ப்ஸ்டெட் ஸ்டேஷனில் இறங்கினால் பக்கத்திலேயே ரவுலி வே, குடியிருப்பின் நடுவே போகும் தெரு. நல்ல வெயில் நாளாகப் பார்த்துப் போங்கள். மழையில் கான்கிரீட் சோர்ந்து தெரியும். உள்ளே நுழைந்ததும் போட்டோ எடுக்க அவசரப்படாமல், முதலில் வாசல்களைத் தேடுங்கள். வடிவமைத்த நீவ் பிரவுன் விடாப்பிடியாக இருந்தது இதில்தான்: ஒவ்வொரு வீட்டுக்கும் வெளிக்காற்றில் திறக்கும் சொந்த வாசல், வானம் பார்த்த சொந்த மாடம். அதற்காகவே மாடிகள் படிப்படியாகப் பின்வாங்கி ஏறுகின்றன. மாடங்களில் தொங்கும் செடிகொடிகளைப் பாருங்கள், கான்கிரீட்டே பாதி மறைந்திருக்கும். கார்களெல்லாம் கீழ்த்தளத்தில். தெரு நடப்பவர்களுக்கும் குழந்தைகளுக்கும் மட்டும்.

அப்புறம் கொஞ்சம் நின்று காதைத் தீட்டிக்கொள்ளுங்கள். உயரமான 8 மாடி வரிசைக்குப் பின்னால்தான் யூஸ்டன் ரயில் பாதை ஓடுகிறது. சத்தத்தை அந்த வரிசையே சுவராக நின்று தடுக்கிறது. அதிர்வு ஏறாமல் அடியில் ரப்பர் திண்டுகள் வைத்திருக்கிறார்கள். திரும்பும்போது கில்பர்ன் ஹை ரோடு பக்கம் போகும் ரயிலில் இடப்பக்க ஜன்னலோரம் உட்காருங்கள், அந்த முதுகுப்புறம் தெரியும்.

வீட்டுக்குள் பார்க்க ஆசையா? லண்டன் கட்டடங்களைப் பொதுமக்களுக்குத் திறந்துவிடும் ஓப்பன் ஹவுஸ் விழா செப்டம்பரில் நடக்கும், அதன் பட்டியலைப் பாருங்கள். வாய்ப்பு அமைந்தால், சுவருக்குள்ளேயே பதித்த வெப்பக் குழாய்களையும் அறையைப் பிரிக்கும் நகரும் தடுப்புகளையும் கேட்டுப் பாருங்கள். மற்ற நாட்களில் ஜன்னல்களுக்குள் கேமராவை நீட்டாதீர்கள். அங்கே குடும்பங்கள் வாழ்கின்றன.

போகுமுன் இந்தக் கதையும் தெரிந்திருக்கட்டும். 1968இல் வரைந்த 520 வீடுகள் 1978இல்தான் முடிந்தன. செலவு எகிறியது, விசாரணை நடந்தது. பிரவுனுக்கு அதன்பிறகு பிரிட்டனில் வேறு கட்டடம் கட்டவே வாய்ப்பு வரவில்லை. 1980இல் வந்த வீட்டுவசதிச் சட்டம் கவுன்சில் வீடுகளைக் குடியிருப்போருக்கே விற்க வழிசெய்தது, புதிதாகக் கட்டுவதும் தேய்ந்தது. இந்தக் குடியிருப்புக்கு 1993இல் பாதுகாக்கப்பட்ட கட்டட அந்தஸ்து கிடைத்தது. பிரவுனுக்கு ராயல் தங்கப் பதக்கம், பிரிட்டனில் கட்டடக்கலைக்கான உயரிய விருது, 2017இல்தான் அறிவிக்கப்பட்டது. 2018 ஜனவரியில் இறந்துவிட்டார். இவ்வளவு தாமதம் எனக்கு இன்றும் வலிக்கிறது.

நேரம் மிச்சமிருந்தால் டன்பாய்ன் ரோடு குடியிருப்புக்கும் போங்கள். அதுவும் அவர் வரைந்ததே. கடைசிக் காலத்தில் அங்கேதான் அவரே குடியிருந்தார்.