பழைய ரக்பி வீரரின் வாழ்க்கையைச் சார்ட்டில் எழுதுவது எப்படி?

மேலூர்ப் பக்கத்துப் பள்ளி ஒன்றில் உடற்கல்வி ஆசிரியராக இருக்கிறேன். ஒன்பதாம் வகுப்பில் ஒவ்வோர் ஆண்டும் வெளிநாட்டு வீரர் ஒருவரைப் பற்றிச் சார்ட் எழுதச் சொல்வேன். இம்முறை டேவ் கேலஹர். 1905-இல் நியூசிலாந்து ரக்பி அணியைப் பிரிட்டனுக்கு அழைத்துச் சென்ற கேப்டன்.

டெஸ்ட் (நாட்டு அணிகள் மோதும் ஆட்டம்) எண்ணிக்கையிலிருந்து தொடங்காதீர்கள். "ஆறு டெஸ்ட்தானா, சார்?" என்று மாணவர்கள் முகம் சுளிப்பார்கள். 1903-இல் தொடங்கி 1906 புத்தாண்டு நாளில் பாரிஸில் பிரான்ஸுடன் ஆடியது வரை, ஆறுதான். அக்காலத்தில் நாடுகள் மோதிக்கொள்வதே அரிது. கப்பலேறிப் போய் மாதக்கணக்கில் ஊர் ஊராக ஆடுவதுதான் ஒரு வீரரின் உண்மையான உழைப்பு. ஆகவே சுற்றுப்பயணத்துக்குச் சார்ட்டின் நடுப்பகுதியைக் கொடுங்கள்: அணி ஆடியது 35, வென்றது 34, எடுத்த புள்ளிகள் 976, விட்டவை 59.

தோற்ற ஒரே ஆட்டம் 1905 டிசம்பர் 16, கார்டிஃப், வேல்ஸ் 3-0. இங்கே பெரியவர்களே தடுமாறுகிறார்கள். எதிரணியின் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைப்பதுதான் 'டிரை'. அன்று ஒரு டிரைக்கு மூன்று புள்ளி, இன்று ஐந்து. அதாவது வேல்ஸின் டெடி மார்கன் வைத்த ஒரே டிரையில் ஆட்டம் முடிந்தது. நியூசிலாந்தின் பாப் டீன்ஸ் வைத்ததாகச் சொன்ன டிரையை நடுவர் ஏற்கவில்லை. அந்த வாக்குவாதம் இன்றும் ஓயவில்லை. இரு தரப்பையும் எழுதுங்கள், தீர்ப்புச் சொல்லாதீர்கள்.

அவர் ஆடிய இடத்தை ஒரு படம் போட்டுக் காட்டுங்கள். இரு அணியின் முன்வரிசை வீரர்களும் கோத்து நின்று பந்துக்காகத் தள்ளுவது 'ஸ்க்ரம்'. நியூசிலாந்து ஸ்க்ரமில் ஏழு பேர்தான். எட்டாமவரான கேலஹர் 'விங் ஃபார்வர்டாக' வெளியே நின்று பந்தை உள்ளே போடுவார். எதிரணியை மறிக்கிறார் என்று பிரிட்டிஷ் பத்திரிகைகள் அவரைச் சாடின. அந்த இடமே இன்றைய ஆட்டத்தில் கிடையாது. படம் இல்லாமல் குழந்தைகளுக்குப் புரியாது.

பிறந்த ஆண்டில் கவனம் தேவை. அயர்லாந்தின் டோனகால் பகுதியில் அவர் பிறந்தது 1873-இல். ராணுவத்தில் சேரும்போது வயதைக் குறைத்துச் சொன்னதால் சில இடங்களில் 1876 என்று இருக்கும். 1917 அக்டோபர் 4-ஆம் தேதி பெல்ஜியப் போர்முனையில் இறந்தபோது அவருக்கு 43 வயது.

ஆட்டத்தை விட்ட பிறகு நியூசிலாந்து அணியின் தேர்வாளராக 1907 முதல் 1914 வரை இருந்தார். பல சார்ட்டுகளில் விடுபடுவது இதுதான்; இதற்குத் தனி வரி ஒதுக்குங்கள்.