மேன்முறையீடு போட்டாயிற்று, அப்புறம்?

கொழும்பு புதுக்கடையில் ஒரு சட்டத்தரணியிடம் 19 வருடமாகக் கிளாக் வேலை பார்க்கிறேன். மாவட்ட நீதிமன்றத் தீர்ப்பு பாதகமாக வந்தால் 14 நாளுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தல், 60 நாளுக்குள் மனு. 14இல் ஞாயிறும் பொது விடுமுறையும் சேராது. 60இல் எல்லா நாளும் சேரும், அதுவும் தீர்ப்பு நாளிலிருந்து. இதை எல்லாரும் ஓடியாடிச் செய்துவிடுகிறார்கள். அதன் பிறகு நீதிமன்றமே கூப்பிடும் என்று வீட்டில் இருந்துவிடுகிறார்கள். அங்கேதான் வழக்கு கைவிட்டுப் போகிறது.

கொட்டாஞ்சேனை அக்கா ஒருவர், காணி எல்லை வழக்கு. இடையில் வத்தளையில் மகளோடு போய்த் தங்கிவிட்டார். பழைய வீட்டில் இருந்தவர்கள் நோட்டீஸை மீட்டர் பெட்டிக்குப் பின்னால் செருகி வைத்திருந்தார்கள். பழுப்பு உறை, மழையில் ஓரம் கறுத்து, உள்ளே சிங்களத்தில் ஒரே ஒரு தாள். அவர் அதை என்னிடம் கொண்டுவந்தபோது விசாரணைத் தவணை போய் ஐந்து மாதம். மேன்முறையீடு தள்ளுபடி. “தம்பி, நான் வழக்கை விடவே இல்லையே” என்றார். அந்தக் குரல் இன்னும் காதில் இருக்கிறது.

ஆகவே வீடு மாறினால் அன்றே சட்டத்தரணியிடம் சொல்லி, புது முகவரியை மோஷன் (எழுத்து விண்ணப்பம்) மூலம் நீதிமன்றத்தில் பதியுங்கள். புரொக்சி, அதாவது உங்களுக்காகத் தோன்றச் சட்டத்தரணிக்கு நீங்கள் கொடுக்கும் அதிகாரப் பத்திரம், வைத்திருந்தவர் காலமானால், தொழிலை விட்டால், புதுப் புரொக்சி போடுங்கள். மேன்முறையீட்டை விசாரிக்கும் மேல் நீதிமன்றத்துக்கு வழக்குக் கோவை போனதும் அங்கே வேறு இலக்கம் விழும். அதை எழுதி வைத்துக்கொண்டு இரண்டு மாதத்துக்கு ஒருமுறை பதிவகத்தில் கேளுங்கள். பிரீஃப் (வழக்கேட்டுப் பிரதி) கட்டணம் கட்டச் சொன்னால் தாமதிக்காமல் கட்டிப் பற்றுச்சீட்டை வைத்திருங்கள்.

உயர் நீதிமன்றம் (சுப்ரீம் கோர்ட்) என்றால் இன்னும் கவனம். 1990ஆம் ஆண்டு விதிகளின்படி, மனு போட்டு இரண்டு வாரத்துக்குப் பிறகு, மூன்று வாரத்துக்குள், எதிர்த்தரப்புக்குப் போன நோட்டீஸ் சேராமல் திரும்பி வந்திருக்கிறதா என்று நீங்களோ சட்டத்தரணியோ போய்ப் பார்க்கவேண்டும். அக்கறை காட்டாத மேன்முறையீட்டை விதி 34இன் கீழ் தள்ளுபடி செய்யலாம்.

தவணையன்று சட்டத்தரணி வர முடியாமல் போனால், வழக்கு கூப்பிடும்போது நீங்களே எழுந்து நில்லுங்கள். வந்திருக்கிறேன் என்று சொல்லுங்கள், ஆனால் அது மட்டுமே போதும் என்று நம்பி இருந்துவிடாதீர்கள்.

சரி, தள்ளுபடியே ஆகிவிட்டது என்றால்? குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 769ஆம் பிரிவு, போதிய காரணம் காட்டினால் மேன்முறையீட்டை மீண்டும் விசாரணைக்கு எடுக்க இடம் தருகிறது. தெரிந்த அன்றே கிளம்புங்கள். பிந்தும் ஒவ்வொரு நாளுக்கும் நீதிபதி காரணம் கேட்பார். சத்தியக்கடதாசியோடு தாள் வேண்டும்: ஆஸ்பத்திரியில் இருந்தால் டயக்னோசிஸ் கார்ட், வீடு மாறியிருந்தால் கிராம அலுவலர் சான்றிதழ். அக்காவுக்கு நாங்கள் அந்தப் பழுப்பு உறையையும் முத்திரை தெரியும்படி இணைத்தோம். எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டும்படி சொல்லி, மேன்முறையீட்டை மீண்டும் விசாரணைக்கு எடுத்துக்கொண்டார்கள். இப்போது வத்தளை முகவரிக்குத்தான் தபால் வருகிறது.